பதினேழு நாள், ஏழு சென்ட்

பிள்ளைகளா,

போன ஞாயிற்றுக்கிழமை சாப்பிடும்போது நீங்கள் மூன்று பேரும் ஒரே சொல்லைச் சொன்னீர்கள். உருளைக்கிழங்குக் குழம்பைப் பார்த்துச் சின்னவன் "ஒரே மாதிரி" என்றான். பள்ளிக்கூடத்தில் சொல்லித்தருகிற பாட்டைப் பற்றி நடுவுள்ளவள் "ஒரே மாதிரி" என்றாள். பெரியவள் மட்டும் தட்டைப் பார்க்காமல் என்னைப் பார்த்து, "அப்பா சோலியும் அப்படித்தான. காலையில எந்திரிச்சா அந்தப் பித்தளப் புனலு, அந்தக் கண்ணாடி, அந்த நோட்டு" என்றாள். உங்கள் அம்மா சிரித்துவிட்டாள். என் வாயில் சோறு இருந்தது. பதில் சொல்ல முடியவில்லை. அதனால் இப்போது எழுதுகிறேன். நான் எட்டாவது வரைதான் படித்தவன். எழுத்தில் பிழை இருந்தால் பெரியவள் திருத்திப் படிக்கட்டும். விஷயத்தைத் திருத்த வேண்டாம்.

இந்தச் சொல்லை நான் பல இடங்களில் கேட்டிருக்கிறேன். நம் கவுஞ்சியில் ஒரே வயலில் வருஷம் தவறாமல் கிழங்கே போட்டால், "மண்ணு சலிச்சுப் போச்சு" என்பார்கள். ஒரு போகம் பூண்டு போட்டு மாற்றி எடுப்பார்கள். மண்ணுக்கே சலிப்பு வரும்போது மனுஷனுக்கு வராதா என்று கேட்பீர்கள். வரும். ஆனால் சலிப்பு வேறு, அலுப்பு வேறு, திகட்டல் வேறு. மூட்டை தூக்கினால் வருவது அலுப்பு. அது உடம்பில் இருப்பது, படுத்து எழுந்தால் போய்விடும். அதிரசம் ஐந்து தின்றால் வருவது திகட்டல். அது நாக்கில் இருப்பது, ஒரு ஊறுகாய்த் துண்டில் தீர்ந்துபோகும். சலிப்பு மனதில் இருப்பது. படுத்து எழுந்தாலும் அது நமக்கு முன்னால் எழுந்து நிற்கும். 'ஒரே மாதிரி' என்று வாய் சொல்லும்போது இந்த மூன்றில் எது என்று சொல்கிறவருக்கே தெரிவதில்லை.

கோடைக்கானலுக்குச் சீசனில் வருகிறவர்கள் இரண்டாம் நாளே மூடுபனியைப் பார்த்து, "என்னங்க இது, ஒரே மாதிரியா இருக்கு" என்று அறையைக் காலி செய்கிறார்கள். பழனியில் பஞ்சாமிர்தம் வாங்குகிறவர்களோ ஒரு விரல் நக்கிப் பார்த்து, "போன வருசம் மாதிரியே இருக்கு" என்று சந்தோஷப்பட்டு இன்னும் இரண்டு டின் கேட்கிறார்கள். இப்படி அந்தச் சொல் எனக்குப் பல தடவை காதில் விழுந்து போனதுதான். ஒரு தடவை மட்டும் அது சிவப்பு மையில், தபாலில், என் பேருக்கு வந்தது. நம் வீட்டு அடுப்பை அணைக்கிற மாதிரி வந்தது. அதைத்தான் சொல்லப் போகிறேன்.

உங்கள் அம்மாவிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன். "எழுதுங்க. ஆனா என்னய மக்குன்னு எழுதிராதீங்க" என்றாள். மக்கு யார் என்பது போகப் போகத் தெரியும்.

அப்போது பெரியவள் பிறந்து ஐந்து மாதம். மற்ற இருவரும் இல்லை. நான் இந்த வேலைக்கு வந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. இன்னும் டெம்பரவரிதான். கீழே இருக்கிற அணைக்கு எவ்வளவு தண்ணீர் வரும் என்று தெரிய வேண்டுமானால், மேலே மலையில் எவ்வளவு மழை பெய்தது என்று தெரிய வேண்டும். அதை அளக்க ஒரு ஆள். கவுஞ்சிக்கு மேலே சரிவில், நமக்குக் கொடுத்திருந்த ஒற்றை அறை வீட்டிலிருந்து ஐம்பது தப்படி தூரத்தில், காரைக் கட்டுமானத்தில் பதித்த உருளை. அதன் வாயில் பித்தளைப் புனல். உள்ளே ஒரு பாட்டில். காலை எட்டு மணிக்குப் புனலைத் தூக்கி, பாட்டிலில் இருப்பதைக் கோடு போட்ட கண்ணாடிக் குவளையில் ஊற்றி, கண்ணுக்கு நேரே பிடித்து, தண்ணீர் எந்தக் கோட்டை ஒட்டி நிற்கிறதோ அதை நோட்டில் எழுத வேண்டும். இப்போது போல மில்லிமீட்டர் இல்லை. ஒரு அங்குலத்தை நூறாகப் பிரித்தால் ஒரு பங்கு ஒரு சென்ட். வாரம் முடிந்ததும் ஏழு நாள் கணக்கையும் ஒரு கார்டில் எழுதி ஆபீசுக்குத் தபாலில் போட வேண்டும்.

அந்த வருஷம் தை மாதம் முழுக்க மழை இல்லை. விடியற்காலையில் புல்லெல்லாம் உப்புத் தூவின மாதிரி வெளுத்துக் கிடக்கும். எட்டு மணிக்குப் போய்ப் புனலைத் தூக்குவேன். பாட்டில் காய்ந்து கிடக்கும். சுழி என்று எழுதுவேன். மூன்று வாரம், மூன்று கார்டு, எல்லாம் சுழி. எனக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை. பெய்யவில்லை, எழுதினேன்.

பூசத்துக்குப் பழனி வந்துவிட்டு, தங்கையையும் பிள்ளையையும் பார்க்க உங்கள் பெரிய மாமா பாலசமுத்திரத்திலிருந்து மலையேறி வந்தார். வந்த மறுநாள் காலை என் பின்னாலேயே வந்து நின்று வேடிக்கை பார்த்தார். மத்தியானம் சாப்பாட்டில் ஆரம்பித்தார்.

"மாப்ளே, நெசமாத்தான் கேக்குறேன். அந்த நோட்டுல மூணு வாரமா வெறும் முட்டையாப் போட்டு வச்சிருக்கீக. முட்டை போடுறதுக்குக் கோழி போதாதா, கவர்மெண்டு ஒரு ஆளு வேற வைக்கணுமா?"

"மழை பெஞ்சா அளக்கணும்ல மச்சான்."

"பெஞ்சாத்தான? பெய்யலேன்னா வீட்டுக்குப் போன்னு ஒருநாள் சொல்லிப்புடுவான். அங்கன நம்ம தோட்டத்துல தண்ணி பாச்சிக் கெடக்கலாம். அளக்க வேண்டாம், பாச்சினாப் போதும்."

அவர் வேடிக்கைக்குத்தான் சொன்னார். நானும் சிரித்தேன். அம்மா ரசம் ஊற்றிக்கொண்டிருந்தாள். அவள் சிரித்தாளா என்று நான் கவனிக்கவில்லை. இன்றைக்கு நினைத்தால் அதுதான் என் தப்பு.

மாமா இறங்கிப் போன மறுநாள் பாட்டிலில் தண்ணீர் இருந்தது. அளந்தேன், ஏழு சென்ட். பனி உருகி இறங்கியிருக்கும் என்று நினைத்துக்கொண்டு எழுதினேன். மறுநாளும் ஏழு. அதற்கு அடுத்த நாளும் ஏழு. சில நாள் கோட்டுக்கு ஒரு மயிரிழை மேலே நிற்கும், சில நாள் ஒரு மயிரிழை கீழே. ஒட்டி நிற்பதை எழுது என்பது உத்தரவு. ஏழு ஏழு என்று ஏழு நாளும் எழுதிக் கார்டைப் போட்டேன்.

ஐந்தாம் நாள் அந்தக் கார்டு திரும்பி வந்தது. குறுக்கே சிவப்பு மையில் ஆபீசர் இங்கிலீஷில் எழுதியிருந்தார். 'எக்ஸ்பிளெயின்' என்ற கடைசி வார்த்தை எனக்குத் தெரியும். ஆபீசில் வேலை பார்க்கிற எவனுக்கும் அது முதலில் தெரிந்துவிடும். அதற்கு முந்தின வார்த்தை தெரியவில்லை. ஊரில் கேட்கவும் ஆள் இல்லை, வாத்தியார் லீவில் போயிருந்தார். அன்று எட்டு மணிக்கு அளந்து எழுதிவிட்டு (அன்றும் ஏழுதான்) கிழங்கு லாரியில் ஏறிக் கோடைக்கானல் போனேன்.

பஜாரில் நாம் எப்போதும் சாமான் வாங்குகிற மளிகைக் கடை பாய்க்கு இங்கிலீஷ் நன்றாக வரும். மிஷன் பங்களாக்களுக்குச் சாமான் போட்டுப் போட்டு வந்த இங்கிலீஷ். கார்டைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தார்.

"மோனோடனஸ். அப்படின்னு போட்டிருக்காரு."

"அப்படின்னா என்னங்க பாய்?"

"ஒரே மாதிரி. ஒரே சுதியில இழுத்துக்கிட்டே போறது. கேக்குறவனுக்குச் சலிப்புத் தட்டுற மாதிரி."

"அவருக்குச் சலிப்புத் தட்டுனா அதுக்கு நான் என்னங்க செய்ய முடியும்? நான் என்ன பாட்டாப் பாடுறேன்?"

அட்டுவம்பட்டிப் பக்கம் மழை அளக்கிற இன்னொரு ஆள் அங்கே சீனி நிறுத்து வாங்கிக்கொண்டிருந்தார். என்னைவிட மூத்தவர், பெர்மனென்ட் ஆனவர். கார்டை எட்டிப் பார்த்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டார்.

"ஏலே, ஏழு நாளும் ஏழா? மழைய எவன்லே நூல் பிடிச்சுப் பெய்யப் பாத்தான்? நீ வீட்டுல படுத்துக்கிட்டு எழுதுறன்னு நெனைக்கிறாருடா உங்க ஆபீசரு."

"அளந்துதாண்ணே எழுதுறேன்."

"அளந்தா என்ன, அளக்காட்டி என்ன? பாக்கிறவனுக்கு நம்புற மாதிரி இருக்கணும். ரெண்டு, ஒம்பது, சுழி, நாலுன்னு சீட்டுக் கலைக்கிற மாதிரி கலைச்சுப் போடு. எனக்குப் பத்து வருசமா ஒரு சிவப்பு மை வந்ததில்ல."

பாய் தராசுத் தட்டில் இருந்த சீனியைப் பொட்டலத்தில் கொட்டிக்கொண்டே சொன்னார்: "என் தராசு ஒரே சாமானை ரெண்டு தடவை வச்சு ரெண்டு விதமாக் காட்டுனா எனக்குச் சந்தேகம் வரும். உங்க ஆபீசுல ஒரே மாதிரி காட்டுனாச் சந்தேகம் வருது. நல்ல ஆபீசுங்க."

திரும்புகிற லாரியில் கிழங்குச் சாக்கின் மேல் உட்கார்ந்து யோசித்தேன். பிள்ளைகளா, பொய் சொல்லக் கூடாது என்று உங்களுக்குச் சொல்வது எனக்குச் சுலபம். அன்றைக்கு எனக்குச் சுலபமாக இல்லை. பெர்மனென்ட் ஆகிற பட்டியல் அந்த மாதம் தயாராகிறது என்று தெரியும். வேலை போனால் மாமா தோட்டத்தில் தண்ணீர் பாய்ச்ச வேண்டும். அதுகூடப் பரவாயில்லை, அவர் வேடிக்கையைத் தினமும் சாப்பாட்டோடு சாப்பிட வேண்டும். பென்சிலை எடுத்து இரண்டு, ஒன்பது, நாலு என்று சாக்கின் மேலே எழுதிக்கூடப் பார்த்தேன். பார்க்க நன்றாகத்தான் இருந்தது, உண்மையான மழை மாதிரி. ஆனால் அந்தக் குவளையைக் கண்ணுக்கு நேரே பிடித்து நின்றவன் நான். ஒன்பது என்று எழுதிவிட்டு மறுநாள் எந்த முகத்தோடு அதைத் தூக்குவது?

வீட்டுக்கு வந்து விளக்கம் எழுதினேன். 'ஐயா, தினமும் அளந்துதான் எழுதுகிறேன். ஏழு இருக்கிறது, ஏழு எழுதுகிறேன். காரணம் பனியாக இருக்கலாம்.' உங்கள் அம்மா பெரியவளை மடியில் போட்டுக்கொண்டு கேட்டாள்: "என்னங்க எழுதுறீக?"

"ஏழு ஏழா வருதாம். ஒரே மாதிரி இருக்குன்னு ஆபீசர் சந்தேகப்படுறாரு."

"ஏழா இருந்தா நல்லதில்லையா? சுழின்னாத்தான தப்பு?"

"சுழியும் தப்பில்ல, ஏழும் தப்பில்ல. பாக்காம எழுதுனாத்தான் தப்பு."

அவள் ஏதோ கேட்க வாயெடுத்தாள். பெரியவள் அழுதாள், பேச்சு அதோடு நின்றது.

அதன்பின் ஐந்து நாள். ஐந்தும் ஏழு. மொத்தம் பதினேழு நாள் ஆயிற்று. பதினெட்டாம் நாள் விடியும் நேரம், தண்ணீர் எடுக்கக் குடத்தோடு வெளியே போன அம்மா போன வேகத்தில் திரும்பி வந்து என்னை உலுக்கினாள்.

"ஏங்க, எந்திரிங்க. நம்ம புனலுகிட்ட யாரோ நிக்கிறாக. கோட்டு, தொப்பி."

எனக்குப் புரிந்துவிட்டது. மன்னவனூரில் இரவு தங்கி, சொல்லாமல் கொள்ளாமல், நான் எத்தனை மணிக்கு எழுந்திருக்கிறேன் என்று பார்க்க ஆபீசர் வெள்ளனே நடந்தே வந்திருக்கிறார். வேட்டியைக் கட்டிக்கொண்டு ஓடினேன். கையில் டார்ச் லைட்டோடு, மூக்கு சிவந்து, அவர் காரைக் கட்டைச் சுற்றி வந்துகொண்டிருந்தார். வணக்கம் வைத்தேன். "எட்டு மணி ஆகட்டும்" என்றார். வீட்டுக்குள் வரச் சொன்னேன், வரவில்லை. காப்பி வேண்டுமா என்றேன், வேண்டாம் என்றார். எட்டு மணி வரை இரண்டு பேரும் அந்தக் குளிரில் புனலுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நின்றோம். இரண்டு பேரும் ஒரு பொணத்துக்குக் காவல் நிற்கிற மாதிரி இருந்தது.

எட்டு மணிக்குக் கடிகாரத்தைப் பார்த்துத் தலையசைத்தார். புனலைத் தூக்கினேன். பாட்டிலைக் கவிழ்த்தேன். ஒரு சொட்டு இல்லை.

"பதினேழு நாள் ஏழு" என்றார் ஆபீசர். குரலை உயர்த்தவே இல்லை. "நான் வந்து நிக்கிற அன்னைக்குச் சுழி. இதுக்கு என்ன எக்ஸ்பிளனேஷன்?"

பாட்டிலை இன்னொரு தடவை கவிழ்த்துப் பார்த்தேன். சுற்றிலும் புல் எப்போதும் போல வெளுத்துத்தான் கிடந்தது. பனி என்றால் இன்றைக்கும் பனிதானே?

"பெர்மனென்ட் லிஸ்ட்ல உங்க பேரு இருக்கு. அடிச்சுட்டுத்தான் போகணும். எனக்கும் இது பிடிச்ச வேலை இல்ல."

அப்போது உங்கள் அம்மா வந்தாள். தலையில் முந்தானையை இழுத்துப் போட்டுக்கொண்டு, நேராக என்னிடம் வராமல் அவரிடம் போனாள். மடியிலிருந்து பெரியவளுக்கு மருந்து புகட்டுகிற சங்கை எடுத்து நீட்டினாள்.

"ஐயா, அவுக மேல தப்பில்லைங்க. நாந்தான் ஊத்துனேன்."

"எதை ஊத்துனீங்க?"

"தண்ணிங்க. காலையில ஊத்துக்குப் போயிட்டு வரையில ஒரு சங்கு. இன்னைக்கு நீங்க நின்னீக, ஊத்த முடியல."

ஆபீசர் சங்கை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "எதுக்கும்மா?"

"மூணு வாரமா அவுக சுழி சுழியா எழுதுனாக. வெறும் சுழி எழுதுறவருக்கு எதுக்குச் சம்பளம்னு எங்க அண்ணன் கேட்டுச்சுங்க. நீங்களும் கேட்டுட்டீகன்னா? கைக்குழந்த இருக்கு. ஏதாச்சும் எழுத இருக்கட்டுமேன்னு ஊத்துனேன். கூடிப் போயிரக் கூடாதுன்னுதான் சங்குல எடுத்தேன். பெருமழைன்னா யாரும் நம்ப மாட்டாக. தூத்தலுன்னா நம்புவாகல்ல?"

"அதை மாத்தி மாத்தி ஊத்தியிருக்கக் கூடாதாம்மா?" என்று ஆபீசர் கேட்டார். கேட்டதும் அவருக்கே அது என்ன கேள்வி என்று பட்டிருக்க வேண்டும், தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார்.

"அளவுன்னா அளவுதானங்க. பிள்ளைக்கு மருந்து ஒருநாள் கூட ஒருநாள் கொறைய ஊத்துவாகளா?"

ஆபீசர் என்னைப் பார்த்தார். "இது உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாதுங்க சார்."

"பாட்டிலை வைங்க. அம்மா, ஊத்துங்க."

அம்மா ஊற்றிலிருந்து ஒரு சங்குத் தண்ணீர் எடுத்து வந்து, ஒரு சொட்டும் சிந்தாமல் புனலில் ஊற்றினாள். நான் அளந்தேன். என்னைப் பேச விடாமல் குவளையை அவரே வாங்கி, குனிந்து, கண்ணுக்கு நேரே பிடித்தார். ஏழு. கொட்டச் சொன்னார். மறுபடி. ஏழுக்கு ஒரு மயிரிழை கீழே. மறுபடி. ஏழு.

அவர் குவளையைக் காரைக் கட்டின் மேல் வைத்தார். பிறகு சொன்னதை நான் ஒரு வார்த்தை விடாமல் நினைவில் வைத்திருக்கிறேன்.

"வீட்டுல படுத்துக்கிட்டு எழுதுறவனா இருந்தா, வானத்தைப் பாத்துட்டுச் சுழி எழுதியிருப்பான். கொஞ்சம் கெட்டிக்காரனா இருந்தா கலைச்சுப் போட்டிருப்பான். இந்தம்மா ஊத்துன சங்குத் தண்ணி பதினேழு நாளும் பிசகாம இந்த நோட்டுல ஏறியிருக்குன்னா, இவரு பதினேழு நாளும் புனலைத் தூக்கியிருக்காரு. தூக்கி, பாத்து, பாத்ததை எழுதியிருக்காரு. என் கீழ இத்தனை பேரு அளக்குறாங்க. இப்படி ஒரு பரீட்சை நானா வைக்கணும்னு நெனைச்சாலும் வச்சிருக்க முடியாது."

அங்கேயே காரைக் கட்டின் மேல் நோட்டை விரித்து, பதினேழு ஏழையும் அடித்து, பக்கத்தில் சுழி போட்டு, ஒவ்வொன்றுக்கும் தன் கையெழுத்தைப் போட்டார். அதற்குக் கால் மணி நேரம் பிடித்தது. அம்மாவிடம் திரும்பி, "சுழியும் கணக்குதாம்மா. பெய்யலைன்னு உறுதியாச் சொல்றதுக்கும் ஆளு வேணும். இனிமே ஊத்தாதீங்க" என்றார்.

"ஊத்த மாட்டேங்க. காப்பியாச்சும் குடிப்பீகளா?"

"குடிக்கிறேன். அதை அளக்க வேண்டாம்."

கருப்பட்டிக் காப்பி குடித்துவிட்டு மன்னவனூர்ப் பாதையில் இறங்கிப் போனார். பங்குனியில் பெர்மனென்ட் உத்தரவு வந்தது. அதில் சிவப்பு மை இல்லை. அன்றிலிருந்து இன்று வரை எத்தனை தடவை அந்தப் புனலைத் தூக்கியிருப்பேன் என்று பெரியவள் பெருக்கிப் பார்க்கட்டும். ஒரு நாள்கூடப் பார்க்காததை எழுதியதில்லை. காய்ச்சலோடு போயிருக்கிறேன், சின்னவன் பிறந்த காலையிலும் போயிருக்கிறேன். கீழே அணையில் தண்ணீர் திறக்கிறவர்கள் கவுஞ்சிக் கணக்கு என்றால் இரண்டாவது தடவை கேட்பதில்லை என்று காதில் விழுந்திருக்கிறது. என் சோலி ஒரே மாதிரிதான், பெரியவளே. நீ சொன்னது சரி. அதைச் சொல்லும்போது மட்டும் முகத்தைக் கொஞ்சம் நிமிர்த்திச் சொல்லு. உன் அம்மாவைப் பற்றிச் சொல்லும்போதும் அப்படியே. வேலை போகப் போகிற இடத்தில் தன் தப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நேராக வந்து நின்றவள் அவள். பக்கத்தில் இருந்தவள் முகத்தைப் பார்க்காமல் ஆகாயத்தையும் பனியையும் பார்த்துக்கொண்டிருந்த மக்கு நான்.

இன்னும் ஒன்று இருக்கிறது. இது உங்கள் அம்மாவுக்கும் தெரியாது.

அன்று ஆபீசர் போனதும், குழந்தை அழுகிறது என்று அவள் உள்ளே ஓடினாள். நான் புனலைப் பொருத்த நின்றேன். மூன்றாவது தடவை அளந்த தண்ணீர் குவளையிலேயே இருந்தது, காரைக் கட்டின் மேல், ஏழாவது கோட்டில். அளந்த தண்ணீரைத் தரையில் கொட்டிவிட வேண்டும் என்பது விதி. வீட்டுப் பக்கம் ஒரு தடவை பார்த்தேன், யாரும் இல்லை. பிறகு குவளையைத் தூக்கி அண்ணாந்து, அந்த ஏழு சென்ட்டையும் குடித்தேன்.